அல்டிமேட் சிக்கன் ஹார்ஸ்: புதிதாக ஆட வருபவர்கள் பொறியை எங்கே வைப்பது?

மரவீடு எழுதியது:

அல்டிமேட் சிக்கன் ஹார்ஸ் என்ற வீடியோ கேமை வாங்கிய புதியவர்கள் சிலர், இரண்டு மூன்று முறை ஆடிப் பார்த்துவிட்டு "ஒரே கூச்சலாக இருக்கிறது, என்ன செய்கிறோம் என்றே தெரியவில்லை" என்று எழுதுவதைப் பல மாதங்களாகப் பார்த்து வருகிறேன். இந்த விளையாட்டின் மேல் எனக்கு மிகுந்த பிரியம் உண்டு. முதல் நாளிலேயே மனம் சலித்து யாரும் அதைக் கைவிட்டுவிடக் கூடாது என்பதற்காகவே இந்த இழையைத் தொடங்குகிறேன்.

கனடாவின் மாண்ட்ரியல் நகரில் இருக்கும் கிளெவர் எண்டெவர் கேம்ஸ் என்ற சிறிய நிறுவனம் இதை உருவாக்கியது. 2016 மார்ச்சில் கணினிக்கு வந்தது. பிறகு பிளேஸ்டேஷன் 4, எக்ஸ்பாக்ஸ் ஒன், நிண்டெண்டோ ஸ்விட்ச் ஆகியவற்றிலும் வெளியானது. ஒரே திரையின் முன் உட்கார்ந்தும் ஆடலாம், ஆன்லைனிலும் ஆடலாம். அதிகபட்சம் நான்கு பேர். கோழி, குதிரை, ஆடு, ரக்கூன் ஆகிய நான்கும் தொடக்கத்திலேயே கிடைக்கும். ஆட்டம் நடக்கும் களங்களான தளங்களில் அவ்வப்போது தோன்றும் கேள்விக்குறிப் பெட்டிகளைக் கைப்பற்றினால் குரங்கு, பச்சோந்தி போன்ற பிற விலங்குகளும் புதிய தளங்களும் உடைகளும் திறக்கும். எந்த விலங்கை எடுத்தாலும் ஓட்டமும் தாவலும் ஒன்றுதான். ஆகவே குதிரை வேகமாக ஓடும் என்று நம்பி அதற்காகச் சண்டை போட வேண்டியதில்லை, பிடித்ததை எடுத்துக்கொள்ளுங்கள்.

ஆட்டத்தின் நடைமுறை எளியது. தொடக்க இடத்திலிருந்து ஓடித் தாவிக் கொடியை அடைய வேண்டும். ஆனால் ஒவ்வொரு சுற்றுக்கும் முன்பாக ஒரு பெட்டி திறக்கும். அதில் பலகை, வைக்கோல் கட்டு, முள்கம்பி, வட்ட ரம்பம், தானாக அம்பு எய்யும் குறுக்குவில், தேன், பனிக்கட்டி, ஸ்பிரிங், கருந்துளை என ஏதேனும் சில பொருட்கள் கிடக்கும். யார் முதலில் கர்சரைக் கொண்டுபோய்த் தொடுகிறாரோ பொருள் அவருக்கே. ஒவ்வொருவரும் ஒன்றை எடுத்துத் தளத்தில் தாம் விரும்பிய இடத்தில் வைக்கிறார்கள். பிறகு எல்லோரும் ஒரே நேரத்தில் ஓடுகிறார்கள். வைத்த பொருள் அடுத்த சுற்றிலும், அதற்கடுத்த சுற்றிலும் அங்கேயே இருக்கும். முதல் சுற்றில் வெறிச்சோடிக் கிடந்த பண்ணைத் தளம், பத்தாவது சுற்றில் காலூன்ற இடமில்லாத கொலைக்களமாகிவிடுவது இப்படித்தான்.

இந்த விளையாட்டின் உயிர் புள்ளிக் கணக்கில் இருக்கிறது. எல்லோரும் கொடியை அடைந்துவிட்டால் தளம் மிக எளிது என்று திரையில் காட்டிவிட்டு யாருக்கும் புள்ளி தராது. ஒருவருமே அடையாவிட்டாலும் புள்ளி கிடையாது. சிலர் தப்பி, சிலர் செத்தால் மட்டுமே அந்தச் சுற்றுக்கு மதிப்பு. இந்த ஒரு விதியை மனத்தில் ஆழப் பதித்துக்கொண்டால், புதியவர்கள் செய்யும் தவறுகளில் பாதி தானாகவே குறைந்துவிடும்.

ஏனெனில் புதியவர்கள் இரு வகையினர். ஒரு வகையினர் ரம்பம் கிடைத்ததும் ஆசையோடு வழியின் நடுவில் வைத்துவிட்டு, அடுத்த கணமே தாங்களே அதில் விழுந்து சாகிறார்கள். தன் வினை தன்னைச் சுடும் என்பதைக் கண்ணெதிரே காட்டும் விளையாட்டு இதைப்போல் இன்னொன்றில்லை. மற்ற வகையினர் பயந்துபோய், எப்போதும் பலகையையும் வைக்கோல் கட்டையும் எடுத்துப் பாதையைச் செப்பனிட்டுக்கொண்டே இருக்கிறார்கள். அவர்கள் போட்ட பாலத்தில் எல்லோரும் நடந்து போய்ச் சேர, சுற்று வீணாகிறது.

நான் கற்றுக்கொண்டது இதுதான்: பொறியைக் கையில் எடுக்கும்போதே, "இதை நான் எப்படிக் கடப்பேன்?" என்ற கேள்விக்கு என்னிடம் விடை இருக்க வேண்டும். மற்றவர்களிடம் அந்த விடை இருக்கக் கூடாது. அல்லது அவர்கள் அதைக் கண்டுபிடிக்க ஒரு சுற்றாவது ஆக வேண்டும்.

ஓர் உதாரணம் சொல்கிறேன். பண்ணைத் தளத்தில் நடுவே ஒரு பள்ளம் இருக்கிறது. ஒருநாள் ஆட்டத்தில் ஐந்தாம் சுற்றுக்குள் அந்தப் பள்ளத்தின் மேல் இரண்டு பலகைகள் வந்துவிட்டன. இரண்டுக்கும் இடையே ஒரு தாவல் தூரம். எனக்குக் குறுக்குவில் கிடைத்தது. அதை முதல் பலகையின் மேல் நேராகக் குறிபார்த்து வைத்திருக்கலாம். அப்படி வைத்திருந்தால் பலகையில் நின்று யோசிப்பவர்கள் சாவார்கள். ஆனால் அம்பு வரும் நேரம் எல்லோர் கண்ணிலும் பட்டுவிடும். ஆகவே அதை வலது ஓரத்தில், இரண்டு பலகைகளுக்கும் நடுவே உள்ள வெற்றிடத்தின் குறுக்கே அம்பு போகும்படி, தாவலின் உச்சிக்குச் சற்றுக் கீழே வைத்தேன். நின்ற இடத்திலிருந்து மெல்லத் தாவுபவர் கீழே இறங்கும்போது அம்பின் பாதைக்குள் வருவார். ஓடிவந்து முழு உயரத்துக்குத் தாவுபவர், அம்பு கடந்த பிறகு இறங்குவார். வில் எத்தனை எண்ணிக்கைக்கு ஒருமுறை எய்கிறது என்பதை வாய்க்குள் எண்ணி வைத்துக்கொண்டேன். அந்தச் சுற்றில் மூவரும் விழுந்தார்கள். நான் மட்டும் கொடியைத் தொட்டேன். தனியாகச் சேர்ந்ததற்கான கூடுதல் புள்ளியும், என் பொறியில் விழுந்தவர்களுக்கான சிறு புள்ளிகளும் சேர்ந்துகொண்டன. அடுத்த சுற்றில் அவர்களும் ஓடிவந்து தாவக் கற்றுக்கொண்டுவிட்டார்கள் என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஒரு பொறியின் ஆயுள் பெரும்பாலும் இரண்டு சுற்றுகள்தான்.

கேள்விகள் இருந்தால் இங்கேயே கேளுங்கள்.


தாமரைஇலை எழுதியது:

மிக்க நன்றி. நான் வீட்டில் என் இரு பிள்ளைகளோடும் ஆடத் தொடங்கியிருக்கிறேன். மூத்தவளுக்குப் பதினொன்று, இளையவனுக்கு எட்டு. எங்கள் சிக்கல் நீங்கள் சொன்ன இரண்டு வகையிலும் சேராது. இருவருமே ஆளுக்கொரு ரம்பத்தையும் முள்கம்பியையும் போட்டிபோட்டு வைப்பதால், நான்காம் சுற்றிலிருந்து ஒருவராலும் கொடியை அடைய முடிவதில்லை. பத்துச் சுற்று ஓடி மூவருக்கும் புள்ளியே ஏறாமல் ஆட்டம் முடிகிறது. இளையவன் கண்ட்ரோலரை வைத்துவிட்டு எழுந்து போய்விடுகிறான். பிள்ளைகளிடம் "பொறி வைக்காதே" என்று சொன்னால் விளையாட்டின் சுவையே போய்விடும் என்று தோன்றுகிறது. என்ன செய்யலாம்?


நீலக்குதிரை எழுதியது:

அம்மா, இதற்கான மருந்து பெட்டிக்குள்ளேயே இருக்கிறது. வெடிகுண்டு வரும்போது விடாதீர்கள். மற்றவர்கள் ஏற்கெனவே வைத்துவிட்ட பொருட்களை அகற்ற வேறு வழி கிடையாது. வழி அடைந்துபோன தளத்தில் குண்டை எடுப்பவரே அந்தச் சுற்றின் தலையெழுத்தைத் தீர்மானிக்கிறார். நான் புதியவர்களுக்கு எப்போதும் சொல்வது, குண்டு கண்ணில் பட்டால் வேறெதையும் பார்க்காமல் அதைத் தொட்டுவிடுங்கள் என்பதுதான். மரவீடு அண்ணன் தம் பதிவில் குண்டைப் பற்றி ஒரு வரிகூட எழுதாதது எனக்கு வியப்பாக இருக்கிறது.


கரிசல் எழுதியது:

நீலக்குதிரையின் கருத்தை நான் ஏற்கவில்லை. புதியவர்கள் குண்டைக் கண்டதும் பாய்வதால்தான் அவர்களுடைய ஆட்டம் வளராமல் நிற்கிறது என்பது என் அனுபவம். குண்டு ஒரு பொறியை நீக்குகிறது; நீக்கிய வழியில் எல்லோரும் போகிறார்கள். உங்களுக்கு மட்டும் பயன்படும் குண்டு என்று ஒன்று கிடையாது. அதே சுற்றில் நீங்கள் ஒரு ஸ்பிரிங்கையோ பலகையையோ எடுத்து, அந்தப் பொறியைத் தாண்டிப் போகும் இரண்டாவது பாதையை உண்டாக்கியிருந்தால், பழைய பொறி மற்றவர்களுக்குப் பொறியாகவே நீடித்திருக்கும்; உங்களுக்கு மட்டும் வழி திறந்திருக்கும்.

புதிய பாதையை மற்றவர்களும் பயன்படுத்துவார்களே என்று கேட்கலாம். உண்மைதான். ஆனால் ஓட்டம் தொடங்கும்போது பெரும்பாலானவர்கள் போன சுற்றில் போன வழியிலேயே கால்பழக்கத்தில் போகிறார்கள். உங்கள் ஸ்பிரிங் எதற்காக அங்கே இருக்கிறது என்பது அவர்களுக்குப் புரிவதற்குள் நீங்கள் ஒருமுறை கொடியைத் தொட்டுவிடுவீர்கள்.


நீலக்குதிரை எழுதியது:

நான்கு பேரும் தேர்ந்தவர்களாக இருக்கும் ஆட்டத்தில் நீங்கள் சொல்வது சரி. எட்டு வயதுக் குழந்தை ஸ்பிரிங்கை எந்தக் கோணத்தில் சாய்த்து வைத்தால் எங்கே போய் விழுவோம் என்று கணக்கிட வேண்டும் என்பது நடைமுறைக்கு ஒத்து வருமா? மூன்று சுற்றாக ஒருவரும் சேரவில்லை என்றால் அங்கே முதலில் தேவைப்படுவது திறந்த வழிதான். புள்ளியே விழாத ஆட்டத்தில் யாரும் எதையும் கற்பதில்லை.


மரவீடு எழுதியது:

இருவர் சொல்வதிலும் பொருள் இருக்கிறது. நான் முதல் பதிவில் குண்டை விட்டது என் பிழை. சுட்டிக்காட்டிய தம்பிக்கு நன்றி. என் கணக்கு இது: தொடர்ந்து இரண்டு சுற்றுகளில் ஒருவரும் கொடியை அடையவில்லை என்றால், குண்டு அந்த மேசையில் உள்ள எல்லோருக்குமே இலாபம், யார் எடுத்தாலும் நல்லது. கடந்த சுற்றில் யாராவது ஒருவர் சேர்ந்திருக்கிறார் என்றால், வழி இருக்கிறது என்று பொருள். அப்போது குண்டை எடுப்பவர் தம் முறையைப் பிறருக்குத் தானம் செய்கிறார். அந்த நிலையில் கரிசல் சொல்லும் இரண்டாவது பாதையே மேலானது.

இனித் தாமரைஇலையின் கேள்விக்கு வருகிறேன். பிள்ளைகளைப் பொறி வைக்காதே என்று தடுக்க வேண்டாம். அது அவர்களுக்குக் கிடைக்கும் பெரிய மகிழ்ச்சி. மாற்றாக மூன்று காரியங்களைச் செய்து பாருங்கள்.

முதலாவதாக, ஆட்டம் தொடங்கும் முன் எல்லோரும் கூடும் மரவீடு என்ற இடத்தில் (என் பெயரும் அதுதான்) விதிகளை மாற்றும் வசதி இருக்கிறது. எந்தெந்தப் பொருள் பெட்டியில் வர வேண்டும், எவ்வளவு அடிக்கடி வர வேண்டும் என்பதை அங்கே கூட்டிக் குறைக்கலாம். ரம்பம், கருந்துளை, தீயுமிழும் கருவி போன்றவற்றைக் குறைத்து, பலகைகளையும் நகரும் மேடைகளையும் கூட்டிவிட்டால் தளம் அடைந்துபோக நெடுநேரமாகும். முதல் வாரத்துக்கு இது போதும்.

இரண்டாவதாக, முள்கம்பியை எப்படி வைப்பது என்று இளையவனுக்குக் காட்டிக்கொடுங்கள். முள்கம்பி அசையாது, எய்யாது, காலம் பார்க்காது. தொட்டால் மட்டுமே கொல்லும். ஆகவே அதைத் தரையின் நடுவில் வைப்பதில் பயனில்லை, குழந்தைகூடத் தாண்டிவிடும். தாவி வந்து இறங்கும் மேடையின் விளிம்பில் வையுங்கள். விளிம்பில் வந்து விழுந்து பழகியவர்களுக்கு அது எமன். இன்னும் ஒரு அடி தள்ளி, மேடையின் நடுவில் இறங்கப் பழகியவருக்கு அது ஒரு பொருட்டே இல்லை. தன் பொறியைத் தானே தாண்டிக் கொடியைத் தொட்ட அனுபவம் ஒரே ஒருமுறை வாய்த்துவிட்டால், அவனுக்கு விளையாட்டின் சூட்சுமம் பிடிபட்டுவிடும்.

மூன்றாவதாக, வைக்கும் நேரத்தில் நீங்கள் உங்கள் யோசனையை வாய்விட்டுப் பேசுங்கள். "நான் இங்கே வைத்தால் எனக்குப் போக இடம் இருக்கிறதா?" என்று நீங்கள் கேட்டுக்கொள்வதைக் கேட்டால் அவர்களும் கேட்டுக்கொள்வார்கள். பெரியவர்கள் கூடி ஆடும்போது இதைச் செய்யக் கூடாது. உங்கள் விடை வெளியே போய்விடும்.


இரவுப்பறவை எழுதியது:

பொறிகளைப் பற்றியே எல்லோரும் பேசுகிறீர்கள். கால்களைப் பற்றி யாரும் பேசவில்லை. எவ்வளவு நுட்பமாகப் பொறி வைத்தாலும், தாவத் தெரியாதவர் தம் பொறியைத் தாமே கடக்க மாட்டார். நான் இரண்டு மாதம் தொடர்ந்து தோற்றுக்கொண்டிருந்ததற்கு இதுவே காரணம்.

முதலில் ஓட்டப் பொத்தான். அதை அழுத்திப் பிடித்துக்கொண்டு தாவினால் கடக்கும் தூரமும், அழுத்தாமல் தாவினால் கடக்கும் தூரமும் வெவ்வேறு. புதியவர்கள் பலர் அந்தப் பொத்தான் இருப்பதையே அறியாமல் பல மணி நேரம் ஆடுகிறார்கள். மற்றொரு பக்கம், எப்போதும் அதை அழுத்தியபடியே ஆடுபவர்கள் சிறிய மேடையில் நிற்க முடியாமல் வழுக்கி விழுகிறார்கள். தாவுவதற்கு முன் பிடித்து, இறங்கும் முன் விட வேண்டும். இந்த விடுதல்தான் கைக்கு வர நாளாகும்.

அடுத்தது சுவர்த் தாவல். சுவரில் ஒட்டியபடி சறுக்கும்போது தாவல் பொத்தானை அழுத்தினால் விலங்கு எதிர்ப்புறமாக உந்தி எழும். எதிரெதிரே இரண்டு சுவர்கள் இருந்தால் மாறி மாறித் தாவி உச்சிவரை ஏறிவிடலாம். ஒரே ஒரு சுவர் இருந்தாலும், எதிர்ப்புறம் உந்திய உடனே திசையை மாற்றி மீண்டும் அதே சுவருக்குத் திரும்பினால் சிறிது சிறிதாக மேலேறலாம். இது தெரிந்தவருக்கு வைக்கோல் கட்டின் பக்கவாட்டுப் பரப்பும் ஒரு வழியாகிவிடுகிறது. தெரியாதவருக்கு அதே கட்டு ஒரு தடைச்சுவர். நல்ல ஆட்டக்காரர்கள் செங்குத்தாக ஒரு பலகையை நட்டுவைத்துவிட்டுப் போவதை நீங்கள் பார்த்திருப்பீர்கள். அது பொறியைப் போலவே தோன்றாது. சுவர்த் தாவல் தெரிந்தவர்கள் மட்டும் கடக்கும் வாயில் அது.

பயிற்சிக்கு ஃப்ரீ ப்ளே என்ற வகையைத் தேர்ந்தெடுங்கள். அங்கே தனியாகவே பொருட்களை வைத்து, ஓடிப் பார்த்து, மாற்றி வைத்து, மீண்டும் ஓடலாம். புள்ளியும் இல்லை, அவசரமும் இல்லை. நான் பதினைந்து நாட்கள், தினமும் இரவு உணவுக்குப் பிறகு அரை மணி நேரம், இரண்டு பலகைகளை எதிரெதிராக நிறுத்திவைத்து ஏறி ஏறி இறங்கினேன். அதன் பிறகு நண்பர்களோடு ஆடியபோது வேறு ஆளாக இருந்தேன்.


கரிசல் எழுதியது:

இரவுப்பறவை சொன்னதோடு ஒன்றைச் சேர்க்க விரும்புகிறேன். தேனும் பனிக்கட்டியும் பெட்டியில் வரும்போது யாரும் அவற்றைச் சீண்டுவதில்லை; அவை கொல்லாது என்பதால் பயனற்றவை என்று எண்ணிவிடுகிறார்கள். கொல்லாதவற்றால்தான் மிக நுட்பமாகக் கொல்ல முடியும். அம்பு போகும் பாதைக்குச் சற்று முன்னால் உள்ள தரையில் தேனைப் பூசினால், ஓடிவரும் ஒருவரின் வேகம் அங்கே குறைந்துவிடும், தாவல் சுருங்கும், அம்பின் நேரமும் அவர் நேரமும் பொருந்திவிடும். ரம்பத்துக்கு முன்னால் பனிக்கட்டியை வைத்தால் நிற்க நினைத்தவர் வழுக்கிக்கொண்டே போய்ச் சேருவார். சாவுக்கான புள்ளி, அம்பையும் ரம்பத்தையும் வைத்தவருக்கே போகும் என்பது உண்மைதான். ஆகவே அவை உங்களுடையவையாக இருக்கும்போது மட்டும் இதைச் செய்யுங்கள்.

பசையும் அப்படியே. பிறர் வைத்த நகரும் மேடையில் பசையால் எதையாவது ஒட்டவைத்தால் அதுவும் கூடவே நகரும். ஒரு சுற்று முன்புவரை எல்லோருக்கும் படகாக இருந்த மேடை, முள்கம்பியோடு வந்து நிற்கும்போது அந்த முகங்களைப் பார்க்க வேண்டும்.


தாமரைஇலை எழுதியது:

இன்னுமொரு ஐயம். என் தங்கை வேறு ஊரில் இருக்கிறாள். அவளும் சேர விரும்புகிறாள். அவளும் தனியாக வாங்க வேண்டுமா? மேலும், நன்றாக ஆடும் ஒருவர் சேர்ந்தால் பிள்ளைகள் மீண்டும் சோர்ந்துவிடுவார்களோ என்றும் அஞ்சுகிறேன்.


நீலக்குதிரை எழுதியது:

ஆன்லைனில் ஆட வேண்டுமென்றால் அவர்களிடமும் ஒரு பிரதி இருக்க வேண்டும். நீங்கள் ஸ்டீம் என்ற இணையக் கடையில் வாங்கியிருந்தால், அதிலுள்ள ரிமோட் ப்ளே டுகெதர் வசதியின் மூலம் உங்கள் திரையையே அவருக்கு அனுப்பி, ஒரே வீட்டில் அமர்ந்து ஆடுவது போலச் சேர்த்துக்கொள்ளலாம். அப்போது உங்களிடம் மட்டும் விளையாட்டு இருந்தால் போதும். ஆனால் இணையம் சற்றுத் தடுமாறினாலும் தாவல் பிந்தும். இந்த விளையாட்டில் தாவல் பிந்துவது என்றால் சாவு என்று பொருள். இணைப்பு உறுதியாக இருந்தால் மட்டும் அந்த வழியில் போங்கள்.


மரவீடு எழுதியது:

வலிமையில் ஏற்றத்தாழ்வு பற்றிக் கேட்டீர்கள். விளையாட்டை உருவாக்கியவர்கள் இதை முன்கூட்டியே யோசித்திருக்கிறார்கள் என்பதைப் புள்ளிப் பலகையைக் கவனித்தால் காணலாம். பின்தங்கியிருக்கும் ஒருவர் கொடியை அடைந்தால் அவருக்கு மீண்டெழுந்ததற்கான தனிப் புள்ளி கிடைக்கிறது. அதனால் கடைசி இடத்தில் இருப்பவர் ஒரே சுற்றில் வெகுதூரம் எழுந்து வர முடியும். உங்கள் தங்கை முன்னணியில் இருக்கும் சுற்றுகளில் அவர் கொடியைத் தொடுவதால் அவருக்குக் கிடைப்பதைவிட, உங்கள் இளையவன் தொடுவதால் அவனுக்குக் கிடைப்பது கூடுதல்.

நாணயத்தையும் மறக்க வேண்டாம். பெட்டியில் நாணயம் வந்தால் அதை எடுத்து, அடைவதற்குக் கடினமான மூலையில் வைக்கலாம். ஓட்டத்தின்போது அதைத் தொட்டு எடுத்துக்கொண்டு கொடியையும் சேர்ந்தால் கூடுதல் புள்ளி. தேர்ந்த ஆட்டக்காரர்களுக்கு நாணயத்தின் மேல் அடக்க முடியாத ஆசை உண்டு. கருந்துளையின் ஈர்ப்பு எட்டும் தூரத்தில் ஒரு நாணயத்தை வைத்துவிட்டு, நேர் வழியில் அமைதியாக ஓடிப் போய்க் கொடியைத் தொடும்படி உங்கள் மூத்தவளிடம் சொல்லிப் பாருங்கள். தங்கை நாணயத்தின் பக்கம் திரும்புவார். நானே எத்தனையோ முறை திரும்பியிருக்கிறேன்.


இரவுப்பறவை எழுதியது:

மரவீடு அண்ணா, எனக்கும் ஒரு கேள்வி உண்டு. முன்னணியில் இருப்பவர் என்ன செய்ய வேண்டும்? வெற்றிக் கோட்டுக்கு ஒரு சுற்றுத் தொலைவில் வந்து நிற்கும்போதெல்லாம் மற்ற மூவரும் சேர்ந்து என் வழியை மட்டும் அடைக்கிறார்கள். அங்கேதான் நான் தொடர்ந்து தோற்கிறேன்.


மரவீடு எழுதியது:

அந்த நிலையில் உங்கள் வழியை மற்றவர்கள் அறிந்துவைத்திருக்கிறார்கள் என்பதுதான் சிக்கல். ஆகவே முன்னணியில் வரும் முன்பே, மூன்றாம் நான்காம் சுற்றிலேயே, நீங்கள் பயன்படுத்தாத ஒரு வழிக்குத் தேவையான பொருளை வைத்துவிட்டு அதைத் தொடாமல் இருங்கள். உதாரணமாக, தளத்தின் மேல்புறத்தில் ஒரு செங்குத்துப் பலகை. மற்றவர்கள் கீழ்ப்பாதையை அடைப்பதில் தங்கள் முறைகளைச் செலவிடட்டும். கடைசிச் சுற்றில் மேலே ஏறுங்கள்.

அதற்கும் வழியில்லாமல் போனால், எல்லோரும் சேர்ந்துவிடும்படி பாதையைத் திறந்துவிடுவதும் ஒரு தற்காப்புதான். தளம் எளிதாகி அந்தச் சுற்றுக்கு யாருக்கும் புள்ளி கிடைக்காது; உங்கள் முன்னிலை குலையாது. அடைத்துக் கிடக்கும் வழியில் மூவரில் ஒருவர் மட்டும் தப்பிப் போய்த் தனிப் புள்ளியும் மீண்டெழுந்த புள்ளியும் சேர்த்து வாங்குவதைவிட இது மேல். குண்டு உண்மையாகவே உங்களுக்காக வேலை செய்யும் தருணம் இதுதான் என்று நீலக்குதிரைத் தம்பிக்காகச் சொல்லிவைக்கிறேன்.


தாமரைஇலை எழுதியது:

மூன்று வாரங்களுக்குப் பிறகு எழுதுகிறேன். நீங்கள் சொன்னபடி ரம்பங்களைக் குறைத்து ஆடினோம். இரண்டாம் வாரத்திலேயே பிள்ளைகள் அவற்றைப் பழைய அளவுக்கு ஏற்றச் சொல்லிவிட்டார்கள்.

நேற்று மாலை ஆடிய ஆட்டத்தை எழுதாமல் இருக்க முடியவில்லை. பண்ணைத் தளம், ஒன்பதாம் சுற்று. மூத்தவளுக்கு ஒரு முறை கொடியைத் தொட்டால் வெற்றி. இளையவன் முள்கம்பியைக் கையில் எடுத்தான். வைக்கும் முன் திரையில் கர்சரை அங்கும் இங்குமாக நகர்த்திக்கொண்டே, "நான் இங்கே குதிப்பேன், அப்புறம் இங்கே குதிப்பேன்" என்று முணுமுணுத்தான். பிறகு அக்காள் வழக்கமாக வந்து இறங்கும் மேடையின் விளிம்பில் அதை வைத்தான். அவள் விழுந்தாள், நானும் விழுந்தேன். அவன் நடுவில் இறங்கினான். ஆனால் இறங்கிய பதற்றத்தில் அடுத்த தாவலைக் குறைவாகத் தாவி, வில்லின் அம்பில் அடிபட்டுவிட்டான். அடிபட்ட ஆடு காற்றில் சுழன்று, உருண்டு, அப்படியே கொடியில் போய் மோதியது. செத்த பிறகு சேர்ந்தாலும் இந்த விளையாட்டில் அதற்கொரு புள்ளி உண்டு என்பது எங்களுக்கு அப்போதுதான் தெரியும். மூவருமே செத்துவிட்டதால் அந்தச் சுற்றில் புள்ளி விழுமா விழாதா என்று அவர்கள் இருவரும் சோபாவின் மேல் ஏறி நின்று வாதாடினார்கள். ஆட்டத்தை முடித்தது மூத்தவள்தான், அடுத்த சுற்றில். இளையவன் கண்ட்ரோலரைக் கீழே வைக்கவில்லை, "இன்னொன்று" என்றான்.

இந்த வாரம் காற்றாலைத் தளத்துக்குப் போகலாம் என்கிறார்கள். அங்கே கவனிக்க வேண்டியது ஏதேனும் உண்டா?


மரவீடு எழுதியது:

படிக்கப் படிக்க நெஞ்சு நிறைந்தது. தம்பிக்கு என் வாழ்த்தைச் சொல்லுங்கள்.

காற்றாலையில் இறக்கைகள் சுழன்றுகொண்டே இருப்பதால், நின்ற இடமே நகர்ந்துபோகும். முதல் இரண்டு சுற்றுகளில் பொறி எதையும் எடுக்காமல், பலகை மட்டும் எடுத்து வையுங்கள். மற்றவர்கள் ஓடும்போது இறக்கை எந்த நேரத்தில் எந்த மேடைக்கு அருகே வருகிறது என்பதைப் பார்த்துக்கொண்டிருங்கள். அந்தத் தாளம் மூவருக்கும் பிடிபட்ட பிறகு முள்கம்பியை வெளியே எடுக்கலாம். அதை எங்கே வைப்பது என்று இளையவனே சொல்லிவிடுவான்.